நூலகமா, பால்வாடியா?



எங்கள் ஊர்க் கிளை நூலகத்தின் சிறுவர் பகுதியில் போன வாரம் ஓர் அறிவிப்பு ஒட்டியிருக்கிறார்கள்: ‘சத்தமாக வாசிக்கக் கூடாது. ஐந்து வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு அனுமதி இல்லை.’ அது ஒட்டப்பட்டிருப்பது, குழந்தைகளைக் கவர்வதற்காக அரசுச் செலவில் வரைந்த ஒட்டகச்சிவிங்கியின் வயிற்றில்!

நடந்தது இதுதான். எங்கள் தெருவில் தையல் வேலை பார்க்கும் பெண் ஒருவர், சனிக்கிழமை மாலைகளில் தன் மகளையும் அக்கம்பக்கத்துப் பிள்ளைகளையும் அங்கே கூட்டிப்போய்ப் படக்கதை வாசித்துக் காட்டுவார். புத்தகத்தைப் பிள்ளைகள் பக்கம் திருப்பிப் பிடித்திருப்பார். வரிக்குக் கீழே விரல் ஓடும். தெரிந்த கதையென்றால் அடுத்த வரியைப் பிள்ளைகளே முந்திக்கொண்டு கத்திவிடுவார்கள். ஆய்வுக்கு வந்த அதிகாரி, “இது நூலகமா, பால்வாடியா?” என்று எல்லோர் முன்னாலும் கேட்டார். அந்தப் பெண் பதில் பேசவில்லை. புத்தகத்தை மேசைமேல் வைத்துவிட்டுப் பிள்ளைகளோடு வெளியேறினார். அடுத்த வாரம் படக்கதைகள் எல்லாம் பீரோவுக்குள் போய்விட்டன. சாவியைக் கேட்டால், நூலகர் பாவம், மேலிடத்தைக் கைகாட்டுகிறார்.

இதே அதிகாரிதான் சென்ற நவம்பரில் நூலக வார விழாவில், இதே கூடத்தில், ஒலிபெருக்கி அலற ‘மழலையரிடம் வாசிப்பை வளர்ப்போம்’ என்று முழங்கினார். அன்று யாருடைய படிப்பும் கெடவில்லை போலும்.

தடைக்குக் காரணம் கேட்டால், போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்களுக்குத் தொந்தரவாம். அவர்கள் உட்காருவது மாடியில். பிள்ளைகள் புத்தகத்தைக் கிழித்துவிடுவார்களாம். கிழிக்கத்தான் செய்வார்கள். நேஷனல் புக் டிரஸ்ட் படக்கதைகள் நூறு ரூபாய்க்குள் கிடைக்கின்றன. இன்னொன்று வாங்கி வையுங்கள். வீட்டுவரியில் ரூபாய்க்குப் பத்து பைசா வீதம் எங்களிடம் நூலக வரி வாங்குவது பீரோவுக்குப் பூட்டு வாங்கவா? ‘வீட்டிலேயே வாசிக்கலாமே’ என்கிறார் ஒருவர். வீட்டில் புத்தகம் இருந்தால் அந்தப் பெண் ஏன் நூலகப் படி ஏறுகிறார்?

நான் தொடக்கப்பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். ஒன்றாம் வகுப்புக்கு வரும் பிள்ளைக்கு எழுத்து மட்டுமல்ல, பாடப்புத்தகத்தின் தமிழே புதிது. வீட்டில் ‘பூனை ஓடிப்போச்சு’. புத்தகத்தில் ‘பூனை ஓடிச் சென்றது’. மடியில் உட்கார்ந்து கதை கேட்ட பிள்ளைக்கு இந்த நடை ஏற்கெனவே காதில் ஏறியிருக்கும். வாக்கியம் எங்கே போய் முடியும் என்று அது ஊகித்துக்கொண்டே படிக்கும். கேட்டுப் பழகாத பிள்ளை எழுத்தெழுத்தாகக் கூட்டிக் கடைசிச் சொல்லுக்கு வருவதற்குள் முதல் சொல்லை மறந்துவிடும். இரண்டு வகைப் பிள்ளைகளையும் ஒரே பெஞ்சில் பார்த்திருக்கிறேன். செல்போனிலும் கதை கேட்கலாம்தான். ஆனால் “ஏன் பூனை ஓடுச்சு?” என்று பிள்ளை கேட்டால் அது நின்று பதில் சொல்லாது.

பிறந்த நாளிலிருந்தே பிள்ளைக்கு வாசித்துக் காட்டுங்கள் என்று பெற்றோரிடம் சொல்லும்படி அமெரிக்கக் குழந்தை மருத்துவர் சங்கம் 2014-லேயே தன் மருத்துவர்களுக்கு அறிவுறுத்தியது. அவ்வளவு தூரம் போவானேன்? எட்டு வயதுக்குள் எல்லாப் பிள்ளைகளும் பிழையில்லாமல் எழுதப் படிக்க வேண்டும் என்று 2022-இல் ‘எண்ணும் எழுத்தும்’ திட்டத்தைத் தொடங்கியது நம் பள்ளிக்கல்வித் துறை. பொது நூலகங்களும் அதே துறையின் கீழ்தான் வருகின்றன. ஒரு கையால் திட்டம் தீட்டி, மறு கையால் பீரோவைப் பூட்டுகிறார்கள்.

பொது நூலக இயக்குநர் உங்கள் இதழைப் படிப்பவர் என்றால் அவருக்கு என் கோரிக்கை: அந்த அறிவிப்பைக் கிழிக்கச் சொல்லுங்கள். பீரோவைத் திறக்கச் சொல்லுங்கள். சனிக்கிழமை மாலை ஒரு மணி நேரத்தைச் சத்தமாக வாசிப்பதற்கென்றே எல்லாக் கிளை நூலகங்களிலும் ஒதுக்குங்கள். அந்தப் பெண்ணை அவமானப்படுத்திய அதிகாரியே நேரில் போய் அவரைத் திரும்ப அழைத்து வரட்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர்
(பெயரும் ஊரும் வெளியிட வேண்டாம்)