பெயரில் என்ன இருக்கிறது என்று கேட்பவர்களுக்கு

2018 மே மாதம், குஜராத்தின் தோல்காவில் ஒரு தலித் இளைஞர் முகநூலில் தன் பெயரோடு ‘சின்ஹ்’ என்று சேர்த்துக்கொண்டார். நம் ஊரில் ‘சிங்’ என்போமே, அதுதான். சிங்கம் என்று பொருள். அதற்காக ராஜபுத்திரர்கள் அவரை அடித்தார்கள். அவர் நிலம் கேட்கவில்லை, கோவிலுக்குள் நுழையவில்லை. தன் பெயரைத் தானே எழுதிக்கொண்டார், அவ்வளவுதான்.

‘பெயரில் என்னப்பா இருக்கு?’ என்று கல்லூரி கேன்டீனில் நம்மிடம் கேட்கும் நண்பர்களுக்கு இதைத்தான் காட்ட வேண்டியிருக்கிறது. ஒன்றுமில்லாததற்காக யாரும் கை ஓங்குவதில்லை.

மனுஸ்மிருதியின் இரண்டாம் அத்தியாயத்தில் 31, 32ஆம் சுலோகங்களைத் தேடிப் படியுங்கள் தோழர்களே. பார்ப்பனர் பெயர் மங்களத்தையும், சத்திரியர் பெயர் வலிமையையும், வைசியர் பெயர் செல்வத்தையும் குறிக்க வேண்டும். சூத்திரர் பெயர் இழிவைக் குறிக்க வேண்டும். அதன் பின்னொட்டு ஏவலைச் சொல்ல வேண்டும். வருணத்துக்கு வெளியே தள்ளப்பட்ட நம்மைப் பற்றி அங்கே பேச்சே இல்லை. பிறந்த குழந்தைக்கு ஆசையாய் வைக்கும் பெயருக்கும் படிக்கட்டு கட்டியவர்கள் இவர்கள்.

ஆனால் நம் தாத்தா பாட்டிகளின் பிச்சை, குப்பு, மண்ணாங்கட்டி என்ற பெயர்களை எல்லாம் மனுவின் கணக்கில் எழுதிவிட முடியாது. நம் மேடைகளில் அப்படிப் பேசுவது உண்டு, அது தவறு. பிறந்த பிள்ளை தங்காத வீட்டில், சாவு இதையாவது திரும்பிப் பார்க்காமல் போகட்டும் என்று தாய்மார்கள் வைத்த பெயர்கள் அவை. எல்லாச் சாதியிலும் உண்டு. வேறுபாடு பிறகு வருகிறது. ஆதிக்கச் சாதிப் பிச்சை மீசை முளைத்ததும் பிச்சைப் பிள்ளை ஆகிவிடுவார். நம் பிச்சை எழுபது வயதிலும் ‘ஏய் பிச்சை’தான்.

செத்த பிறகும் விடமாட்டார்கள் என்பதற்கு ஜப்பானைப் பாருங்கள். தோல் வேலை, இறைச்சி வேலை செய்ததால் ஒதுக்கப்பட்ட புராக்குமின் மக்களை 1871ஆம் ஆண்டு அரசாணை சட்டப்படி விடுவித்தது. அங்கே இறந்தவருக்குப் பௌத்தக் கோவில் ஒரு புதுப் பெயர் சூட்டும். கல்லறையில் அதைப் பொறிப்பார்கள். புராக்குமின் இறந்தால் அந்தப் பெயருக்குள் விலங்கு, தோல் என்று பொருள்படும் எழுத்துகளைக் குருமார்கள் நுழைத்தார்கள். புத்தரிடம் விடுதலை தேடிய நமக்கு இதை எழுதவே கசக்கிறது. 1979இல் சோட்டோ ஜென் பிரிவின் பெரிய துறவி ஒருவர், ஜப்பானில் பாகுபாடே இல்லை என்று உலக மாநாட்டில் பேசினார். புராக்கு விடுதலை இயக்கம் அவரை விடவில்லை. அதன் பிறகுதான் அந்தப் பிரிவு தன் பதிவேடுகளையும் கல்லறைகளையும் திருப்பிப் பார்க்கத் தொடங்கியது.

மால்கம் லிட்டில், ‘லிட்டில்’ என்பது அடிமை எசமானன் கொடுத்தது என்று தூக்கி வீசிவிட்டு எக்ஸ் போட்டுக்கொண்டார். ஆப்பிரிக்க மூதாதையரின் பெயர் என்னவென்று அவருக்குத் தெரிய வழியே இல்லை. அந்த வெற்றிடம்தான் எக்ஸ். நம் காத்தவராயன் தன் ஆசிரியரின் பெயரை எடுத்துக்கொண்டு அயோத்திதாசர் ஆனார். தாமே தேர்ந்துகொண்ட பெயர்கள் இவை.

‘தமிழ்நாட்டில்தான் சாதிப் பட்டத்தை எப்போதோ வெட்டியாச்சே’ என்று மார்தட்டுகிறவர்களுக்கு வருவோம். உண்மைதான். 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு அதைத் தீர்மானமாகவே போட்டது. அந்தப் பெருமையில் நமக்கும் பங்கு உண்டு. ஆனால் வெட்டியது வாலைத்தான். வால் போன இடத்தில் கேள்விகள் முளைத்துவிட்டன. ‘அப்பா பேரு என்ன தம்பி?’, ‘சொந்த ஊரு எது?’, ‘ஊருல எந்தத் தெரு?’, ‘குலசாமி எது?’ விடுதி அறையிலும் நேர்காணலிலும் வாடகை வீட்டு வாசலிலும் நாம் எல்லோரும் இந்த நான்கையும் தாண்டி வந்தவர்கள்தான். மூன்றாவது கேள்வியில் குரல் மாறும். நான்காவதில் ‘வீடு ஏற்கெனவே பேசி முடிஞ்சிருச்சு’ என்பார்கள்.

பட்டப்பெயர் வழக்கம் உள்ள இடங்களில் கேள்வியே தேவையில்லை. சுகதேவ் தோரட்டும் பால் அட்டுவெல்லும் 2007இல் வெளியிட்ட ஆய்வில், தனியார் நிறுவன விளம்பரங்களுக்கு ஒரே தகுதியுள்ள விண்ணப்பங்களை வெவ்வேறு பெயர்களில் அனுப்பினார்கள். மொத்தம் 4,808 விண்ணப்பங்கள். உயர்சாதிப் பெயரோடு ஒப்பிட்டால் அழைப்பு வரும் சாத்தியம் தலித் பெயருக்கு ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு. முஸ்லிம் பெயருக்கு மூன்றில் ஒரு பங்கு. திறமை, திறமை என்று இடஒதுக்கீட்டுக்கு எதிராகக் கூச்சல் போடுகிறவர்கள் இந்தப் பக்கம் வரவே மாட்டார்கள்.

இப்போது இன்ஸ்டாகிராமில் வெட்டிய வாலை எடுத்து மறுபடி ஒட்டிக்கொள்கிறார்கள், அதுவும் இருபது வயதில். கேட்டால் ‘அடையாளம்’ என்கிறார்கள். தோல்கா இளைஞர் சேர்த்ததும் ஓர் ஒட்டுதானே, இரண்டும் ஒன்றா என்று நம்மிடமே மடக்குவார்கள். ஒன்றல்ல. நீங்கள் ஒட்டுவது கீழே ஒருவர் நிற்கிறார் என்று காட்ட. அவர் ஒட்டியது கீழே நிற்க மாட்டேன் என்று சொல்ல. அந்த ஒட்டைப் போட்டுக்கொண்டதற்காக உங்களில் எத்தனை பேர் அடி வாங்கியிருக்கிறீர்கள்?

தோழர்களே, பொங்கலுக்கு ஊருக்குப் போவோம். டீக்கடையில் பதினைந்து வயதுப் பையன் நம் தாத்தாவை ‘வாடா’ என்று கூப்பிடுவான். தாத்தா சிரித்து மழுப்புவார், நம் கையையும் பிடித்து இழுப்பார். அங்கேயே நின்று தாத்தாவின் முழுப் பெயரை ‘அய்யா’ சேர்த்துச் சத்தமாகச் சொல்லுங்கள். அவன் அதைத் திருப்பிச் சொல்லும்வரை டீக்குக் காசு கொடுக்காதீர்கள்.