கூண்டும் பூட்டும்

கட்டாக்காலியாகத் திரிந்த நாயை வீட்டுக்குக் கொண்டுவந்து, முதல் வேலையாகக் கூண்டில் அடைப்பது என்ன வகை இரக்கம் என்று ரொறன்ரோவிலிருந்து உறவினர் ஒருவர் கேட்டிருந்தார். பிள்ளைகள் காப்பகமொன்றிலிருந்து நாய் எடுத்துள்ளனர். காப்பகத்தார் கூண்டுப் பயிற்சியை வலியுறுத்தினராம். யாழ்ப்பாணத்து முற்றத்தில் நாய் வளர்த்த தாயாரோ இரண்டு நாளாக வீட்டில் எவருடனும் பேசுவதில்லையாம்.

நான் பாதி தாயாரின் பக்கம்.

வட அமெரிக்காவில் வழமையாகிவிட்ட இம்முறை எங்கும் ஏற்கப்பட்டதொன்றல்ல. பயணம், நோய் போன்ற தற்காலிகத் தேவைகளுக்கன்றி நாயை மூடிய கூண்டில் வைத்திருக்கப் பின்லாந்துச் சட்டம் இடமளிப்பதில்லை. சுவீடனில் பகலில் ஆறு மணித்தியாலத்துக்கு ஒருமுறையேனும் நாயை வெளியே கொண்டுசெல்ல வேண்டும். நாயின் இயல்பு எங்கும் ஒன்றுதான். அமெரிக்கக் கூண்டுக்குள் நாயை நீண்ட நேரம் வைத்திருப்பது எசமானரின் அலுவலக நேரமே என்பது என் எண்ணம்.

எனினும் முறையாகச் செய்தால் இதில் பயன் உண்டு. நாய் படுக்குமிடத்தை அசுத்தப்படுத்த விரும்பாத பிராணி; மலசலம் கழிக்கப் பழக்குவதற்கு அவ்வியல்பு உதவுகிறது. நிமிர்ந்து நிற்கவும் திரும்பவும் கால் நீட்டிப் படுக்கவும் கூண்டில் இடம் வேண்டும். முதலில் கதவைத் திறந்தே விட்டு, சாப்பாட்டுக் கோப்பையை வாசலில் வையுங்கள். அது தயங்காமல் உண்ணத் தொடங்கியபின் கோப்பையைச் சிறிது சிறிதாக உள்ளே நகர்த்துங்கள். பின்னர் உண்ணும் வேளையில் மட்டும் கதவைச் சாத்தி, முடித்ததும் திறவுங்கள். அதன் பிறகே நிமிடக்கணக்கில் நேரத்தைக் கூட்டலாம். சில நாய்களுக்கு ஒரு கிழமை போதும், சிலவற்றுக்கு மாதங்கள் ஆகும். ஆறு மாதத்துக்குக் குறைந்த குட்டியை மூன்று, நான்கு மணித்தியாலத்துக்கு மேல் அடைக்கலாகாது. தண்டனைக்காக உள்ளே தள்ளினால் அதுவரை பழக்கியதெல்லாம் வீண்.

மீட்கப்பட்ட நாயிடம் இன்னொரு சிக்கல் உண்டு. இலங்கையில் 2006ஆம் ஆண்டு கொல்லாமைக் கொள்கை அறிவிக்கப்படும்வரை, விசர்நாய்க்கடி நோயைத் தடுப்பதென்ற பெயரில் தெருநாய்கள் பிடித்துக் கொல்லப்பட்டன. வலையும் வண்டியும் கம்பிக்கதவும் அவற்றுக்கு என்ன பொருள் தந்திருக்கும் என்பதைக் கொழும்புத் தெருக்களில் அக்காலத்தில் நடந்தவர்கள் அறிவர். எந்த நாட்டிலாயினும், பிடிபட்டு அடைபட்ட நாய் கதவு சாத்தும் ஓசைக்கே நடுங்கக்கூடும். வெளியே வர அடம்பிடிக்கும் முனகல் வேறு. வாய்நீர் வழிய, நகம் கிழிய, கம்பியைக் கடித்துப் பல் உடைத்துக்கொள்ளும் பீதி வேறு. பின்னதைக் கண்டால் 'பழகிவிடும்' என்று காத்திராமல் திறந்துவிடுங்கள். தனிமையை அஞ்சும் நாய்க்குக் கூண்டு மருந்தாகாது. மிருக வைத்தியரிடம் கொண்டுசெல்லுங்கள்.

நம் ஊரில் முற்றமும் மதிலும் உள்ள வீட்டுக்கு அன்றாடக் கூண்டு தேவையென்று நான் கருதவில்லை. ஆனால் சத்திரசிகிச்சைக்குப் பின்னும், வெள்ளத்துக்கு இடம்பெயரும்போதும், விமானத்தில் ஏற்றும்போதும் எந்த நாயும் கூண்டுக்குள் இருக்க நேரலாம். அந்த நாளில் அது முதன்முறையாகக் கூண்டைப் பார்க்கக்கூடாது.

தாயாருக்கு ஒரு யோசனை: சாப்பாட்டுக் கோப்பையை உள்ளே வைக்கும் பொறுப்பை அவரே ஏற்கட்டும். கதவை எப்போது சாத்தலாமென்று அவரைவிட அந்த வீட்டில் வேறெவருக்கும் தெரிந்திருக்காது.