ஆறிய எலும்பும் ஆறாத வலியும்

கால் பெருவிரல் முறிந்தது, எலும்பு கூடியது, "குணமாகிவிட்டது" என்று சீட்டும் எழுதியாயிற்று. அத்தோடு வழக்கு முடிந்ததாம்! யாருக்கு முடிந்தது?

விடியுமுன் மேட்டிலும் பள்ளத்திலும் மரத்துக்கு மரம் நடந்து பால் வாளி சுமப்பவர்களுக்கு, ஒவ்வோர் அடியையும் உந்தித் தள்ளுவது பெருவிரலே. அது மடங்காமல் விறைத்தால் நிரை முடியாது. நிரை முடியாவிட்டால் கூலி ஏது?

உலகச் சுகாதார நிறுவனமே இதை ஒப்புக்கொள்கிறது. அதன் நோய்ப் பட்டியலின் பத்தாம் பதிப்பில் பெருவிரல் முறிவுக்கு எஸ் 92.4 என்று ஒரு குறியீடு. ஆறிய பின்னும் நிற்கும் பாதிப்புக்கு டி 93.2 என்று வேறொரு குறியீடு. ஆனால் டாக்டர் எழுதாததைப் பதிவுக் குமாஸ்தா குறிக்க முடியாது. "கால் வலி" என்று மட்டும் எழுதினால், தோட்டத்து விபத்து ஏட்டிலிருந்தே மறைந்துவிடும்!

குறியீடு பணம் தராது. 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி நிரந்தர ஊனத்தை அளப்பது சொக்சோவின் மருத்துவ வாரியம். ஆனால் அங்கே நமக்காகப் பேசுவது ஏடுதான். தற்காலிக ஊன விடுப்பு முடிந்து 12 மாதத்துக்குள் மனுச் செய்ய வேண்டும். முடிவு தவறென்றால் 90 நாளுக்குள் மேல்முறையீடு உண்டு.

செபராங் பிறையிலிருந்து பினாங்குப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகும் தோழரே, "பழைய முறிவின் பின்விளைவு" என்று விபத்துத் தேதியோடு எழுதித் தரக் கேளுங்கள். கிராணிமார்களே, விபத்து அறிக்கையின் நகலைக் காயம்பட்டவர் கையில் கொடுங்கள். நாம் கேட்பது சலுகையன்று, உரிமை!