சமையலுக்கு ஃபீஸா என்று சிரிக்கிறவர்களுக்கு

மெக்சிகோவில் வஹாகா என்றொரு ஊர். அங்கே ஊர் சுற்றப் போகிறவர்கள் ஒருநாள் காலையில் கூடையைத் தூக்கிக்கொண்டு உள்ளூர்ச் சந்தைக்குப் போகிறார்கள். சமையல் சொல்லித்தருகிற அம்மாவும் கூடவே வருவார். எந்த மிளகாய் வற்றல் எந்தக் குழம்புக்கு, எந்தத் தக்காளி இன்றைக்கு ஆகாது என்று கடைகடையாக நிறுத்திச் சொல்வார். வாங்கினதைக் கொண்டுபோய் அவரோடு சேர்ந்து கல்லில் அரைத்து, ஓட்டில் சுட்டு, மத்தியானம் எல்லாரும் சுற்றி உட்கார்ந்து சாப்பிடுவார்கள். கட்டணம் டாலரில்.

இதை ஹாஸ்டல் மெஸ்ஸில் சொன்னேன். சிரிப்பு அடங்க ரொம்ப நேரம் ஆச்சு. "காயும் வாங்கி, அம்மியும் அரைச்சு, துட்டும் குடுப்பானா? எங்க ஆச்சி வீட்டுக்கு வரச்சொல்லுல. ஓசியிலயே சொல்லித் தருவா, பாத்திரமும் கழுவ வச்சிருவா."

நல்ல ஜோக்தான். ஆனால் அந்த "ஓசி" என்கிற வார்த்தையோடுதான் எனக்குச் சண்டை.

சிரித்தவர்களில் டியூஷனுக்குக் காசு கட்டாதவன் ஒருத்தன் கிடையாது. கார் ஓட்டப் பழக ஃபீஸ், ஹிந்தி பேச ஃபீஸ், கீபோர்டு வாசிக்க ஃபீஸ். மூச்சை இழுத்து விடக்கூட ஃபீஸ் கட்டுகிற காலம். சமையல் மட்டும் ஏன் மக்கா ஓசி? பதில் சுலபம். அதைச் செய்வது ஆச்சி. ஆச்சி சம்பளம் கேட்டதில்லை. அதே சமையலை ஓர் ஆம்பளை அண்டாவில் செய்தால் கதை மாறிவிடும். கல்யாண வீட்டில் தவசுப்பிள்ளைக்கு வெற்றிலை பாக்கு வைத்து, முன்பணம் கொடுத்து, அவர் எழுதிக்கொடுக்கும் சாமான் லிஸ்டை மறுபேச்சு இல்லாமல் வாங்கிவருகிறோம். அவருக்குத் தெரிந்ததுக்குப் பெயர் தொழில். ஆச்சிக்குத் தெரிந்ததுக்குப் பெயர் கைப்பக்குவம். கைப்பக்குவம் என்று சொல்லிவிட்டால் காசு கொடுக்க வேண்டாம் பாருங்கள், ரொம்ப வசதியான வார்த்தை.

சரி, அந்த வகுப்பில் அப்படி என்னதான் சொல்லித்தருகிறார்கள்? சோளத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நாம் மக்காச்சோளம் என்கிறோமே, அது. மெக்சிகோவில் அதை அப்படியே மாவாக்குவதில்லை. சுண்ணாம்பு கலந்த தண்ணீரில் வேகவைத்து, ராத்திரி முழுக்க ஊறவிட்டு, தோலைக் கழுவிவிட்டு, பிறகுதான் அரைக்கிறார்கள். இது ஏதோ ருசிக்காகச் செய்வது என்று நினைத்த ஐரோப்பாக்காரன், சோளத்தை மட்டும் கப்பலில் ஏற்றிக்கொண்டு போனான். சுண்ணாம்பு வித்தையை விட்டுவிட்டான். விளைவு, சோளத்தையே முக்கால் சாப்பாடாகத் தின்ற வட இத்தாலி ஏழைகளுக்குப் பெல்லக்ரா என்கிற நோய். தோல் உரியும், பேதியாகும், கடைசியில் புத்தி பேதலிக்கும். 20-ஆம் நூற்றாண்டு தொடக்கத்தில் அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும் இதே நோய் ஆயிரக்கணக்கில் ஆட்களைக் கொன்றது. சோளத்தில் இருக்கிற நியாசின் சத்து சுண்ணாம்பில் வெந்தால்தான் உடம்புக்குக் கிடைக்கும் என்பது பின்னால் ஆராய்ச்சியில் தெரிந்தது. அந்த ஊர்ப் பொம்பளைகள் ஆயிரக்கணக்கான வருஷமாக அடுப்படியில் செய்துவந்ததும் அதுதான்.

இப்போது நம்ம ஊருக்கு வாருங்கள். கூடங்குளத்தைச் சுற்றி உடங்குடி வரைக்கும் பனை. பாளையில் கலயத்தைக் கட்டும்போது உள்ளே சுண்ணாம்பு தடவுவார்கள். குறைந்தால் புளித்துக் கள்ளாகிவிடும். கூடினால் பதநீர் வாயில் வைக்க முடியாது. எவ்வளவு தடவுவது என்று எந்தப் புத்தகத்திலும் கிராம் கணக்கு போட்டு உதவாது. அன்றைய வெயில், பழைய கலயமா புதுசா, எல்லாம் பார்க்க வேண்டும். மரம் ஏறுவது ஆண். இறக்கின பதநீரை ஓலையும் சுள்ளியும் எரித்து மணிக்கணக்கில் காய்ச்சுவது பெரும்பாலும் பெண். கொஞ்சம் அசந்தால் தீய்ந்த வாடை வந்துவிடும், கொஞ்சம் முந்தினால் சிரட்டையில் ஊற்றினது கெட்டியாகாது. பதம் பார்க்கிறது ஒரு கண், ஒரு மூக்கு. 2023-ல் உடங்குடிக் கருப்பட்டிக்குப் புவிசார் குறியீடு கொடுத்தார்கள். சந்தோஷம்தான். ஊர்ப்பெயருக்கு மரியாதை வந்தது. புகையில் உட்கார்ந்து கண் எரிந்தவளிடம் போய் "இதைச் சொல்லிக்கொடும்மா, இந்தா ஃபீஸ்" என்று கேட்டவன் யார்?

சுண்ணாம்பு அங்கேயும் இங்கேயும் ஒன்றுதான். அங்கே அதைத் தெரிந்தவளை மாஸ்டர் என்கிறான். இங்கே அவளை எதுவும் சொல்வதில்லை.

இன்னொரு கோஷ்டி இருக்கிறது. இவர்கள் சிரிக்க மாட்டார்கள், கோபப்படுவார்கள். "நம்ம பாரம்பரியத்தை வெள்ளைக்காரனுக்கு விற்பதா?" அண்ணாச்சி, எந்தப் பாரம்பரியம்? மிளகாய் மெக்சிகோ பக்கத்துச் செடி. போர்ச்சுகீசியர் கப்பலில் வந்து, நம்ம மிளகின் பேரை ஒட்டிக்கொண்டு மிளகாய் ஆச்சு. அப்படி வந்த செடியின் வாரிசான ராமநாதபுரம் முண்டு மிளகாய்க்கு 2023-ல் புவிசார் குறியீடு. தக்காளியும் அந்தப் பக்கம்தான். நெல்லைச் சைவ வீட்டு மறுவீட்டு விருந்தில் சொதி இல்லாவிட்டால் சம்பந்தி சண்டை வந்துவிடும். அந்தச் சொதியில் மிதக்கிற உருளைக்கிழங்கு தென் அமெரிக்க மலைக்கிழங்கு, பீன்ஸும் அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு, பச்சை மிளகாய் கேட்கவே வேண்டாம். பதிலுக்கு நம்ம பக்கத்துப் புளி ஸ்பானியர் வழியாக அங்கே போய், மெக்சிகோ முழுக்கப் புளிச் சர்பத்தாக ஓடுகிறது. அங்கே அதன் பெயர் தமரிந்தோ. இந்தியப் பேரீச்சை என்று அரபிக்காரன் வைத்த பேரிலிருந்து வந்தது. இதில் யார் யாருக்கு எதை விற்பது? சாமான் எல்லாம் எப்போதோ ஊர் மாறிவிட்டது. மிஞ்சி நிற்பது அதை என்ன செய்வது என்று தெரிந்த ஆள்தான். அந்த ஆளுக்குக் காசு கொடுப்பதைத்தான் விற்பனை என்று கேவலமாகப் பேசுகிறீர்கள்.

அதற்காக இந்த வகுப்புகள் எல்லாமே சொக்கத்தங்கம் என்று சொல்லவில்லை.

காரைக்குடி, கானாடுகாத்தான் பக்கம் பழைய செட்டிநாட்டு வீடுகள் ஓட்டலாகி, சமையல் வகுப்பும் நடக்கிறது. அந்த மாதிரியைப் பார்த்து எங்கெங்கோ ஆரம்பித்துவிட்டார்கள். எனக்குச் சித்தி முறை ஒருத்தர், ஒரு கடற்கரை விடுதியில் சமையல்கட்டில் இருந்தார். பேர் வேண்டாம். அங்கேயும் "பாரம்பரிய சமையல், மார்க்கெட் விசிட்டோடு" உண்டு. மீன் கழுவுவது, தேங்காய் அரைப்பது, புளியைக் கரைத்து ருசி பார்த்து உப்புச் சொல்வது எல்லாம் சித்தி. முன்னால் வெள்ளைத் தொப்பி போட்டுக்கொண்டு பேசுவது கேட்டரிங் படித்த ஒரு பையன். சித்தியை "லோக்கல் லேடி" என்று காட்டுவானாம். போட்டோவில் சித்தி உண்டு, பேர் கிடையாது. சம்பளம் பாத்திரம் கழுவுகிறவருக்கு என்னவோ அதே. குழம்பு நன்றாக இருக்கிறது என்று ஒரு வெள்ளைக்கார அம்மா கையைப் பிடித்துக் கேட்டபோது, பையன்தான் மொழிபெயர்த்தானாம். என்னத்த மொழிபெயர்த்தானோ.

இது வகுப்பு இல்லை, வேஷம். இதைத் திட்டுங்கள், நானும் சேர்ந்து திட்டுகிறேன்.

வேறு மாதிரியும் செய்ய முடியும். டயானா கென்னடி என்று ஓர் ஆங்கிலேயப் பெண்மணி, மெக்சிகோவில் குடியேறி, ஊர் ஊராகப் பஸ்ஸிலும் டிரக்கிலும் போய்ச் சமையல் கற்றவர். 1972-ல் அவருடைய முதல் புத்தகம் வந்தது. 2022-ல் 99 வயதில் இறந்தார். ஒரு சமையலை யாரிடம் கற்றேன் என்று பெண்களின் பேரையும் ஊரையும் சேர்த்து எழுதுவதில் ரொம்பக் கறாரானவர். வஹாகா பக்கம் தியோத்தித்லான் என்கிற கிராமத்தில் அபிகைல் மெந்தோசா என்று ஒரு சபோதெக் பழங்குடிப் பெண், அக்கா தங்கைகளோடு சேர்ந்து சொந்தமாகச் சாப்பாட்டுக்கடை நடத்திப் பெயர் வாங்கினார். நம்ம அம்மிக்குக் கால் முளைத்த மாதிரி ஒரு கல் அங்கே உண்டு. அதன் முன் முட்டி போட்டு அரைக்கிற படத்தில் அவர் பெயரோடு இருக்கிறார். 2010-ல் யுனெஸ்கோ மெக்சிகோ சமையலைப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தபோது, மிச்சோவாகான் மாநிலத்துப் பெண்கள் கூட்டாகச் சமைத்து அதைத் தொடர்ந்து சொல்லிக்கொடுக்கும் முறையையே முன்மாதிரியாகக் காட்டினார்கள். நமக்கு 2014-ல் அதே பட்டியலில் பஞ்சாபின் பித்தளைப் பாத்திரம் செய்யும் கலை சேர்ந்தது. பாத்திரம் போய்ச் சேர்ந்துவிட்டது. சமைக்கிறவள் எப்போது போவாளோ :-)

சந்தைக்கு வருகிறேன். இந்த வகுப்பில் எனக்கு ரொம்பப் பிடித்ததும், ரொம்ப எரிச்சல் தருவதும் அந்தச் சந்தைப் பகுதிதான். மீன்காரம்மா பக்கத்தில் நின்று போட்டோ எடுத்தால் பாரம்பரியம். அதே அம்மா பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தால் நாற்றம். மிகையாகச் சொல்லவில்லை. 2021 டிசம்பரில் குளச்சலில், மீன் விற்றுவிட்டு வீட்டுக்குக் கிளம்பிய ஒரு வயசான அம்மாவை மீன் நாற்றம் அடிக்கிறது என்று அரசு பஸ்ஸிலிருந்து இறக்கிவிட்டார்கள். அவர் பஸ் நிலையத்தில் நின்று நியாயம் கேட்டுக் கதறிய வீடியோவை நீங்களும் பார்த்திருப்பீர்கள். முதலமைச்சர் கண்டித்தார், டிரைவர், கண்டக்டர், நேரக்காப்பாளர் மூன்று பேரும் சஸ்பெண்ட் ஆனார்கள். குளச்சல் எங்கள் ஊரிலிருந்து தூரமில்லை. இதே கடல், இதே சாளை.

எங்கள் ஊருக்கென்று தனி நாற்றம் வேறு ஒட்டியிருக்கிறது. 2011-லும் 2012-லும் இடிந்தகரை மாதா கோயில் முன்னால் பந்தலில் உட்கார்ந்த பெண்கள் திரும்பத் திரும்பக் கேட்டதில் ஒன்று, நாளைக்கு எங்கள் மீனை எவன் வாங்குவான் என்பது. 2013-ல் முதல் உலை மின்சாரம் தர ஆரம்பித்தது. நான் வீட்டிலிருந்து கருவாட்டுக் குழம்பு கொண்டுவந்தால் இன்றைக்கும் மெஸ்ஸில் ஒருத்தன் கேட்பான், "இருட்டுல மினுங்குமால?" சொதிக்கும் அல்வாவுக்கும் இப்படிக் கேள்வி கிடையாது. நெல்லைச் சமையல் என்று புத்தகம் போடுகிறவர்களும் கடற்கரை வரைக்கும் வருவதில்லை. வந்து பார்த்தால்தானே, விடியக்காலையில் கரையில் ஏலம் கேட்கும்போது ஒரு பெண் செவுளைத் தூக்கி ஒரே பார்வையில் இது நேற்றுப் பிடித்ததா இன்றைக்கா என்று சொல்வது தெரியும்? சாளைக்கு எவ்வளவு புளி, நெத்திலிக்கு ஏன் குறைவு, கருவாடு எத்தனை வெயில் காய்ந்தால் போதும் என்பதெல்லாம் அங்கேதான் இருக்கிறது. விலை பேசுவதும் அதில் ஒரு பாடம். ஆம்பளைகளை விட அவர்கள் அதில் கெட்டி.

அப்படி ஒரு வகுப்பு எங்கள் பக்கம் வரட்டும் என்றுதான் ஆசைப்படுகிறேன். ஆனால் ஃபீஸ் எவ்வளவு என்று அந்த அம்மாதான் சொல்ல வேண்டும், விடுதிக்காரர் இல்லை. போர்டில் அவர் பெயர் இருக்க வேண்டும். தொப்பி போட்ட பையன் கூடையைத் தூக்கட்டும், மொழிபெயர்ப்பது அவன் வேலை, பேசுவது அவர் வேலை. ஏலத்திலிருந்து ஆரம்பிக்க வேண்டும், ஏ.சி. அறையில் நறுக்கி வைத்த வெங்காயத்திலிருந்து இல்லை. சாப்பிட்டு முடித்து, மிச்ச மீனை அலுமினியச் சட்டியில் எடுத்துக்கொண்டு அவர் வள்ளியூர் பஸ் ஏறுவாரே, கற்றுக்கொள்ள வந்தவரும் கூடவே ஏறி, பக்கத்து சீட்டில் உட்கார்ந்து போகட்டும்.