‘தவிர’ என்ற சொல்லுக்குள் யார் இருக்கிறார்கள்?



சமூகவியலும் இதழியலும் தமிழும் படிக்கும் தம்பி தங்கைகள் நம்மிடம் அடிக்கடி கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "சொல்லாடல் ஆய்வுன்னு ஒரு பாடம் வச்சிருக்காங்க. தலையும் புரியல, வாலும் புரியல." வகுப்பில் ஃபூக்கோ என்கிறார்கள், ஃபேர்கிளஃப் என்கிறார்கள், பத்து மதிப்பெண்ணுக்கு ஒரு வரையறையை மனப்பாடம் செய்ய வைக்கிறார்கள். அதைப் படித்துத் தேர்வு எழுதிவிட்டு வெளியே வருகிற பிள்ளை, பேருந்து நிலையத்தில் மாலைப் பேப்பர் போஸ்டரைப் பார்த்துவிட்டுப் பேசாமல் போகிறது என்றால் அந்தப் பாடத்தால் யாருக்கு லாபம்?

நாம் பாரிஸ் வரை போக வேண்டியதில்லை. ராஜபாளையத்தில் பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூரில் இறங்கினால் போதும். அரை மணி நேரப் பாதை. அந்தப் பாதையின் இரண்டு முனையிலும் கடந்த சில ஆண்டுகளில் மொழியை வைத்து நடந்த இரண்டு சம்பவங்கள் ஒரு பருவப் பாடத்துக்கு ஈடு.

முதல் சம்பவம் 2018 ஜனவரி 7. கவிஞர் வைரமுத்து ராஜபாளையத்தில் ‘தமிழை ஆண்டாள்’ என்ற கட்டுரையை வாசித்தார். தினமணி அதை வெளியிட்டது. ஆண்டாளைத் தேவதாசி என்று குறிப்பிடும் ஓர் ஆங்கில ஆய்வு வரியை அதில் மேற்கோளாகச் சேர்த்திருந்தார். கட்டுரை முழுக்க ஆண்டாளுக்குப் புகழ்மாலைதான். ஒரே ஒரு சொல் போதுமானதாக இருந்தது. எச். ராஜா மேடையில் வைரமுத்துவை ஏசிய ஏச்சை நாம் இங்கே திருப்பி எழுதப் போவதில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் ஜீயர் உண்ணாவிரதம் உட்கார்ந்தார். வைரமுத்து ஆண்டாள் சன்னிதிக்கு வந்து மன்னிப்புக் கேட்க வேண்டும் என்றார்கள். யார் மனமாவது புண்பட்டிருந்தால் வருந்துகிறேன் என்று அவர் சொல்லிப் பார்த்தார். எடுபடவில்லை. ‘வருந்துகிறேன்’ வேறு, ‘மன்னியுங்கள்’ வேறு என்பது எதிர்த்தரப்புக்கு நன்றாகவே தெரிந்திருந்தது. இந்த ஒரு விஷயத்தில் அவர்கள் நல்ல மொழியியலாளர்கள். தினமணி ஆசிரியர் கோயிலுக்கே நேரில் வந்து வருத்தம் தெரிவித்தார்.

இரண்டு தரப்பும் என்ன வாதிட்டன என்று பாருங்கள். ஒரு தரப்பு, "தேவதாசி என்றால் வேசி, எங்கள் தாயாரை வேசி என்கிறாயா?" என்றது. வைரமுத்து தரப்பு, "அந்தக் காலத்தில் அது உயர்ந்த சொல், கல்வெட்டில் தேவரடியார் என்று மரியாதையாக இருக்கிறது" என்றது. நம் முற்போக்கு நண்பர்கள் பலரும் இந்த இரண்டாவது பதிலோடு நின்றுவிட்டார்கள். ஒரு சொல்லுக்கு அகராதியில் என்ன பொருள், ஆதியில் என்ன பொருள் என்பதல்ல சொல்லாடல் ஆய்வு கேட்பது. இன்றைக்கு இந்த இடத்தில் இந்த வாயிலிருந்து வரும்போது அது என்ன வேலை செய்கிறது என்று கேட்கிறது. அப்படிக் கேட்டால், அந்தச் சண்டையில் இரண்டு பக்கமும் பொதுவாக ஒத்துக்கொண்ட ஒன்று கண்ணில் படும்: கௌரவம் ஆண்டாளுடையது. பொட்டுக்கட்டி விடப்பட்ட பெண்களைப் பற்றிய பேச்சே அந்த வாரங்களில் இல்லை. ‘தேவதாசி’ என்ற சொல் வசையாகிறது என்றால் அதை வசையாக்கியது யார்? அந்தப் பெண்களைக் கோயிலுக்கு நேர்ந்துவிட்டது யார்? முத்துலட்சுமி ரெட்டியும் மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரும் ஆண்டுக்கணக்காகப் போராடிய பிறகு, 1947இல் சென்னை மாகாணத்தில் தடைச் சட்டம் வந்தது. ஆனாலும் திருவள்ளூர்ப் பக்கம் அருந்ததியர் வீட்டுப் பெண் குழந்தைகளை மாத்தம்மாவுக்கு நேர்ந்துவிடும் புகாரில் தேசிய மனித உரிமை ஆணையம் தமிழக அரசுக்கு நோட்டீஸ் அனுப்பியது 2017இல். ஆண்டாள் சர்ச்சைக்குச் சில மாதங்களுக்கு முன்புதான். அதற்காக யாரும் உண்ணாவிரதம் உட்காரவில்லை. யார் மனமும் புண்படவில்லை.

இந்தப் ‘புண்பட்டது’ என்ற வினையை நாம் விடக்கூடாது. எழுவாய் எப்போதும் ஒன்றுதான்: ‘மக்களின் மனம்’. எந்த மக்கள் என்று கேட்டால் கேட்பவனே குற்றவாளி. வைரமுத்து மீது போட்ட வழக்குக்குச் சென்னை உயர்நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது, சரிதான். ஆனால் தெருவில் தண்டனை அதற்குள் நடந்து முடிந்திருந்தது. நம்முடைய மனம் புண்படுவதற்கு மட்டும் சட்டம் எத்தனை வாசல் வைத்திருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்டம், 1989. பிரிவு 3(1)(r), 3(1)(s). சாதியைச் சொல்லித் திட்டினால் குற்றம், ஆனால் அது ‘பொதுமக்கள் பார்வையில் படும் இடத்தில்’ நடந்திருக்க வேண்டும். நான்கு சுவருக்குள் வெளியாள் யாரும் இல்லாதபோது திட்டினால் இந்தப் பிரிவில் வராது என்று உச்சநீதிமன்றம் 2020இல் ஹிதேஷ் வர்மா வழக்கில் சொன்னது. 2025 ஜனவரியில் நம் திருச்சி மாவட்டத்து வழக்கொன்றிலும் அதையே சொன்னது. அரசு அலுவலகத்தில் தன் நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்த்துக்கொண்டிருந்த ஒருவர், அங்கேயே சாதி சொல்லித் திட்டப்பட்டதாகக் கொடுத்த புகார் அது. அறைக்குள் நடந்தது பொதுப் பார்வையில் நடந்ததாகாது என்று வழக்கு ரத்தானது.

யார் முன்னால், எந்த இடத்தில், எந்த நோக்கத்தோடு சொன்னது என்று சட்டம் நம் காயத்தை இப்படித்தான் அளக்கிறது. மொழியியல் வகுப்பில் ‘சூழல்’ என்று கரும்பலகையில் எழுதுகிறார்களே, அது இதுதான். அவமானத்துக்குச் சாட்சி தேட வேண்டியவர் யார், தேட வேண்டாதவர் யார் என்று கேட்டால் அந்தப் பாடம் சட்டென்று புரியும்.

இரண்டாவது சம்பவம் 2024 டிசம்பர் 15. ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயில். திவ்ய பாசுர இசை நிகழ்ச்சிக்கு இளையராஜா வந்தார். கோயில் மரியாதையோடு வரவேற்றார்கள். ஜீயரோடு நடந்தவர் அர்த்த மண்டப வாசலில் வெளியே நிற்கும்படி ஆனது. வீடியோ பரவியது. மறுநாள் இளையராஜா, நடக்காததை நடந்ததாகப் பரப்புகிறார்கள், நான் எங்கும் சுயமரியாதையை விட்டுக்கொடுப்பவன் அல்ல என்ற பொருளில் பதிவிட்டார். அவர் வாயில் நாம் சொல்லைத் திணிக்க வேண்டியதில்லை. அவர் எதைச் சாதியாகப் பார்க்கிறார், பார்க்கவில்லை என்பது அவர் உரிமை. நம் வேலை அவருடைய மனதை ஆராய்வதல்ல. அன்று வெளிவந்த வாக்கியங்களை ஆராய்வது.

அறநிலையத்துறையின் விளக்கத்தின் சாரம் இது: அர்ச்சகர், பரிசாரகர், மடாதிபதிகள் தவிர வேறு யாரையும் அர்த்த மண்டபத்துக்குள் அனுமதிக்கும் வழக்கம் இல்லை. படித்தவுடன் என்ன தோன்றுகிறது? ‘யாரையும்’ என்று இருக்கிறதே, எல்லோருக்கும் ஒரே விதிதானே, இதில் சாதி எங்கே வந்தது? அன்றைக்கு டீக்கடை முதல் டிவி விவாதம் வரை இதைத்தான் கேட்டார்கள். "முதலமைச்சர் வந்தாலும் அங்கேதான் நிற்க வேண்டும்" என்றும் சொன்னார்கள்.

‘யாரையும்’ என்ற சொல்லை விட்டுவிட்டு ‘தவிர’ என்ற சொல்லைப் பிடியுங்கள். அந்த நான்கு எழுத்துக்குள் — எழுத்து மூன்றுதான், பின்னால் ஒளிந்திருக்கும் சாதியையும் சேர்த்துச் சொல்கிறோம் — யார் நிற்கிறார்கள்? அர்ச்சகர் ஆகும் வழி யாருக்குத் திறந்திருக்கிறது? பரம்பரை அர்ச்சகர் முறையை ஒழிக்கச் சட்டத் திருத்தம் வந்தது 1970இல். 1972இல் சேஷம்மாள் வழக்கில் உச்சநீதிமன்றம் திருத்தத்தை ஏற்றுக்கொண்டே, ஆகமத்தையும் வாசலில் காவலுக்கு நிறுத்தியது. அனைத்துச் சாதியினரும் அர்ச்சகராகப் பயிற்சி பெற்றவர்களில் ஒரு சிறு தொகையினருக்குப் பணி ஆணை கிடைத்தது 2021 ஆகஸ்டில். ஐம்பது ஆண்டுகள். சாதியை வெளிப்படையாகச் சொல்லிக் கதவைச் சாத்தினால் 17ஆவது பிரிவு கேட்கும். பதவியைச் சொல்லிச் சாத்தினால் பொது விதி போலத் தெரியும். பதவிக்குள் சாதி பத்திரமாக இருக்கும்.

இன்னொன்றையும் கவனியுங்கள். இரண்டே நாளில் விவாதம் இடம் மாறிவிட்டது. "கருவறைக்குள் போக முயன்றார்" என்று முதலில் செய்தி. "இல்லை இல்லை, அர்த்த மண்டபம்" என்று திருத்தம். பிறகு மூன்று நாளைக்குக் கோயில் கட்டடக்கலை வகுப்பு: மகா மண்டபம் எது, அர்த்த மண்டபம் எது, படி எது. ‘யார்’ என்ற கேள்வி ‘எங்கே’ என்ற கேள்வியாக மாற்றப்பட்டது. யாரும் உட்கார்ந்து திட்டம் போட்டு மாற்றினார்கள் என்று நாம் சொல்லவில்லை. திட்டமே தேவைப்படாத அளவுக்கு அந்தப் பேச்சு முறை பழகிப்போயிருக்கிறது.

கடைசியில் எல்லாம் வந்து நிற்கும் சொல் ‘மரபு’. அதற்குப் பிறகு கேள்வி கிடையாது. ஆனால் நம் அரசியலமைப்பின் 13ஆவது பிரிவு, ‘சட்டம்’ என்பதற்கு விளக்கம் தரும் இடத்தில் வழக்கத்தையும் மரபையும் சேர்த்தே எழுதியிருக்கிறது. அடிப்படை உரிமைக்கு முரணான அளவில் அவை செல்லாது. மரபைக் கேள்வி கேட்கக்கூடிய ஒன்றாக மாற்றும் அந்த ஒரு வரி சட்டப் புத்தகத்தில் இருக்கும்போது, ஓர் அரசுத் துறையே மரபைக் காரணமாகச் சொல்லிக் கையைத் துடைத்துக்கொள்வது எப்படி? அதுவும் எந்த ஊரில்? சாமிக்குப் போட வேண்டிய மாலையைத் தானே முதலில் சூடிப் பார்த்தவளைச் சூடிக்கொடுத்த சுடர்க்கொடி என்று கொண்டாடும் ஊரில். மீறியது மரபாகிவிட்ட ஊர் அது. துளசிச் செடியடியில் கண்டெடுத்த பிள்ளை என்று கதை சொல்கிறார்கள். பெற்றவர் என்ன சாதி என்று அந்தக் குழந்தையிடம் பெரியாழ்வார் கேட்கவில்லை.

இங்கே சில தோழர்கள் முகம் சுளிப்பார்கள். "கூலி இல்லை, பட்டா இல்லை, சுடுகாட்டுக்குப் பாதை இல்லை. நீங்கள் உட்கார்ந்து எழுவாய் பயனிலை பிரித்துக்கொண்டிருக்கிறீர்களா?" நியாயமான கோபம். ஆனால் நம் பாட்டன்மார் இரண்டையும் சேர்த்தே செய்தார்கள். 1893இல் இரட்டைமலை சீனிவாசன் ஒரு பத்திரிகை தொடங்கி அதற்குப் ‘பறையன்’ என்று பெயர் வைத்தார். இழிவாகச் சொன்ன சொல்லைப் பத்திரிகைத் தலைப்பில் அச்சடித்து விற்றவருக்கு எந்த ஐரோப்பியப் பேராசிரியரும் வகுப்பெடுக்கவில்லை. எம்.சி. ராஜா எதிர்த்திசையில் போனார். 1922இல் சென்னை சட்டமன்றத்தில் தீர்மானம் கொண்டுவந்து, அரசு ஆவணங்களில் ‘ஆதிதிராவிடர்’ என்று எழுத வைத்தார். ஒருவர் சொல்லைப் பிடித்துக்கொண்டார், மற்றவர் சொல்லைத் தூக்கியெறிந்தார். எது சரி என்று இன்றும் நமக்குள் சண்டை போடலாம். போடவும் வேண்டும்.

‘கௌரவக் கொலை’ என்று பத்திரிகைகள் எழுதிக்கொண்டிருந்ததை ‘ஆணவக் கொலை’ என்று எழுத வைத்தது இயக்கங்கள்தான். கொலைக்குக் கௌரவம் என்று அடைமொழி கொடுத்தபோது நியாயம் கொன்றவன் பக்கம் இருந்தது. 2025 ஏப்ரலில் ‘காலனி’ என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்குவதாக முதலமைச்சர் ஸ்டாலின் சட்டமன்றத்தில் அறிவித்தார். வரவேற்போம். ஆனால் ஊர் வேறு, காலனி வேறு என்று இருக்கும் வரைபடம் அப்படியே இருந்தால் புதிதாக வைக்கும் பெயரும் பத்து வருடத்தில் அதே அழுக்கை ஏந்தும். ‘சேரி’க்கு நடந்தது அதுதானே? சேர்ந்து வாழும் இடம் என்ற சொல், 2023இல் குஷ்புவின் பதிவில் கெட்ட பேச்சுக்கு அடையாளமாக வந்தது. எதிர்ப்பு கிளம்பியதும், பிரெஞ்சில் அதற்கு அன்பு என்று பொருள் என்றார். தமிழ்நாட்டில் தமிழரோடு சண்டை போடும்போது யாருக்காவது பிரெஞ்சு வருமா? அகராதியைக் காட்டித் தப்பிக்கும் வழி எல்லாத் தரப்புக்கும் தெரிந்திருக்கிறது.

பெரிய மனிதர்களின் வழக்குகளைப் பார்த்தோம். நம் ஊர்ப் பக்கத்துச் செய்திகளில் தினமும் ஓடும் சொல் வேறு: ‘முன்விரோதம்’. முன்விரோதம் காரணமாக வெட்டு. முன்விரோதம் காரணமாக வீடு சூறை. காவல் நிலையத்திலிருந்து நிருபருக்கு, நிருபரிடமிருந்து நமக்கு வரும் சொல். பைக்கில் போனதற்கு, சட்டைக் காலரைத் தூக்கிவிட்டதற்கு, திருவிழாவில் ஆடியதற்கு விழுந்த அடி, இந்த ஒரு சொல்லுக்குள் போனால் இரண்டு தனிமனிதர்களின் பழைய பகையாக வெளியே வரும். அதற்குத் துணையாக ‘இரு தரப்பு மோதல்’. அடித்தவனும் அடிபட்டவனும் சம எடையில் ஒரே தொடருக்குள். அடிபட்டவருக்கு மட்டும் சாதி எழுதப்படும். அடித்தவர்கள் ‘சிலர்’, ‘மர்ம நபர்கள்’, சில நேரம் அவர்களும் இல்லாமல் வெறும் ‘தாக்கப்பட்டார்’.

ஒரு சின்ன வேலை செய்து பாருங்கள். இந்த வாரம் வட்டாரப் பக்கத்திலிருந்து ஆளுக்கொரு செய்தித் துண்டு வெட்டிக்கொண்டு வாருங்கள், ‘முன்விரோதம்’ உள்ளதாக. ‘பட்டார்’ என்று முடியும் ஒவ்வொரு வினைக்கும் மேலே, செய்தவர் யார் என்று பென்சிலில் எழுதுங்கள். எழுத முடியாத இடங்களில் வட்டம் போடுங்கள். முடிந்தால் அதே சம்பவத்தின் முதல் தகவல் அறிக்கை நகலையும் எடுங்கள், பாதிக்கப்பட்டவருக்குச் செலவில்லாமல் கிடைக்க வேண்டியது அது. அவர் வாயால் சொன்னதும் அதில் எழுதியிருப்பதும் எந்த வார்த்தையில் பிரிகின்றன என்று அவரையே பக்கத்தில் உட்காரவைத்துப் படித்துக் காட்டிக் கேளுங்கள்.