ஒரே தீயில் போனதாம் உலகத்து அறிவு

அலெக்சாண்டிரியா நூலகம் மட்டும் எரியாமல் இருந்திருந்தால் மனிதன் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே நிலவுக்குப் போயிருப்பான் என்று யாராவது ஒருவர் சொல்லாத புத்தகக் கண்காட்சி மேடை உண்டா? வாசிப்பின் பெருமையைப் பேச வந்தவர் முதலில் பெருமூச்சு விடுவார். பிறகு ஏழு லட்சம் சுருள்கள், ஒரே இரவு, ஒரு மூர்க்கன், கடைசியில் சாம்பல். கூட்டம் உச்சுக்கொட்டும். எரித்தவன் யார் என்பது மட்டும் பேசுகிறவரின் சாய்வைப் பொறுத்து மாறும். ஒருவருக்கு ஜூலியஸ் சீசர், இன்னொருவருக்குக் கிறிஸ்தவ ஆயர், மூன்றாமவருக்கு அரபுக் கலீபா. ஒரே நூலகத்தை மூன்று பேர் ஏறக்குறைய எழுநூறு ஆண்டுகளுக்குள் மூன்று முறை முழுசாக எரித்தார்கள் என்றால், முதல் இருவரும் வேலையை ஒழுங்காகச் செய்யவில்லை என்றல்லவா ஆகிறது?

இந்தக் கதையில் பாதி பொய். மீதிப் பாதி அதைவிட மோசம்: பழைய நூல்கள் எப்படிச் செத்தன என்ற கேள்வியையே அது கேட்க விடுவதில்லை.

சீசரை முதலில் விசாரிப்போம். கி.மு. 48-ல் அலெக்சாண்டிரியாவில் முற்றுகையில் மாட்டிக்கொண்ட அவர் துறைமுகத்திலிருந்த கப்பல்களுக்குத் தீ வைத்தார். அதை அவரே எழுதியிருக்கிறார். நூல்களைப் பற்றி மூச்சு விடவில்லை. குற்றவாளியின் வாக்குமூலம் என்று தள்ளிவிடலாம், சரி. நூற்றைம்பது ஆண்டு கழித்து எழுதிய புளூட்டார்க், தீ பரவி நூலகமே அழிந்தது என்கிறார். அவருக்கும் பின்னால் வந்த காசியஸ் டியோவோ எரிந்தவை துறைமுகப் பக்கத்துத் தானியக் கிடங்குகளும் நூல் கிடங்குகளும் என்கிறார். இதற்கிடையில், தீ நடந்து ஒரு தலைமுறைக்குள் அந்த ஊரில் தங்கியிருந்த புவியியலாளர் ஸ்டிராபோ, அறிஞர்கள் கூடி உண்டு வாழ்ந்த மூசியத்தை நேரில் கண்டு விவரிக்கிறார். நூலகம் அந்த மூசியத்தைச் சார்ந்து இயங்கியது. கி.பி. 41 முதல் 54 வரை ஆண்ட பேரரசர் கிளாடியஸ் அதோடு இன்னொரு கட்டடத்தையும் சேர்த்தார். கரிக்கட்டையாகிப் போன நிறுவனத்துக்கு யாராவது விரிவாக்கம் கட்டுவார்களா?

அடுத்தது 391. ஆயர் தியோஃபிலஸ் காலத்தில் செராபிஸ் கோயில் தரைமட்டமானது உண்மை. அங்கே ஒரு காலத்தில் கிளை நூலகம் இருந்ததும் உண்மை. ஆனால் அந்த இடிப்பை வெற்றியாகக் கொண்டாடி எழுதிய கிறிஸ்தவர்களும் நூல் எரிந்ததாகச் சொல்லவில்லை. வயிறெரிந்து எழுதிய பழைய மதத்தவரான யூனாபியஸும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவருக்கு லாபம்தானே! 415-ல் கணித அறிஞர் ஹைபேஷியாவை ஒரு கும்பல் கொடூரமாகக் கொன்றது. அந்தக் கொலையையும் நூலகத்தின் அழிவையும் ஒரே முடிச்சாகப் போட்டு உலகத்தின் வரவேற்பறைக்குக் கொண்டுவந்தது 1980-ல் வந்த கார்ல் சாகனின் 'காஸ்மாஸ்' தொலைக்காட்சித் தொடர்.

கலீபா உமர் கதை எல்லாவற்றிலும் சுவையானது, எல்லாவற்றிலும் பலவீனமானது. குர்ஆனோடு ஒத்துப்போகும் நூல் தேவையில்லை, முரண்படும் நூல் இருக்கக் கூடாது, ஆகவே எல்லாவற்றையும் எரி என்று அவர் உத்தரவிட்டாராம். நகரத்துக் குளியல் கூடங்களுக்கு ஆறு மாதம் விறகாயிற்றாம். அரபுப் படை எகிப்தைப் பிடித்தது ஏழாம் நூற்றாண்டின் நடுவில். இந்தக் கதை முதன்முதலாகத் தலைகாட்டுவது 1200-ஐ ஒட்டி. நடுவில் ஐந்தரை நூற்றாண்டு மௌனம். நூல்களைக் காப்பாற்றச் சொல்லிக் கெஞ்சியதாகக் கதையில் வரும் யோவான் என்ற அறிஞர், படை வருவதற்குப் பல பத்தாண்டுகள் முன்பே இறந்துபோனவர். வரலாற்றாசிரியர் கிப்பன் பதினெட்டாம் நூற்றாண்டிலேயே இதை நம்ப மறுத்தார். இன்னொரு பக்கத்தையும் பாருங்கள். ஒன்பதாம் நூற்றாண்டு பாக்தாதில் ஹுனைன் இப்னு இஸ்ஹாக்கும் அவர் கூட்டாளிகளும் காலன் எழுதிய மருத்துவ நூல்களைத் தேடித்தேடி மொழிபெயர்த்தார்கள். கூம்பு வெட்டுகளைப் பற்றி அப்பொலோனியஸ் எழுதிய கணித நூலின் ஐந்தாம், ஆறாம், ஏழாம் பகுதிகள் இன்று அரபியில் மட்டுமே இருக்கின்றன. கிரேக்கர்களே தொலைத்துவிட்ட கிரேக்கக் கணிதத்தை வைத்திருந்து கொடுத்தவர்களின் மேல்தான் தீ வைத்த பழியும்.

ஏழு லட்சம் என்ற எண்ணுக்கு வருவோம். அதைச் சொன்னவர் இரண்டாம் நூற்றாண்டின் அவுலஸ் ஜெல்லியஸ். அவருக்கு முந்தைய செனெகா சொல்வது நாற்பதாயிரம். வேறு சிலர் வேறு எண்கள் சொல்கிறார்கள். யாருமே எண்ணிப் பார்த்துச் சொல்லவில்லை. ரோஜர் பாக்னால் என்ற பாப்பிரஸ் அறிஞர் 2002-ல் இந்தக் கணக்கைச் சோதித்தார். நூலகத்தின் தொடக்ககாலம் வரை பெயர் தெரிந்த கிரேக்க எழுத்தாளர்கள் சில நூறு பேர். தலைக்கு ஐம்பது சுருள் என்று தாராளமாக வைத்தாலும் முப்பதாயிரத்தைச் சற்றுத் தாண்டுகிறது, அவ்வளவுதான். தவிர, ஒரு சுருள் என்றால் ஒரு நூல் என்று நினைத்துக்கொள்கிறோம். லிவி எழுதிய ரோமாபுரி வரலாறு ஒன்றுக்கே 142 சுருள் வேண்டும்.

அப்படியானால் அத்தனை நூலும் எங்கே போயிற்று? கேட்க வேண்டிய கேள்வி இதுதான்.

பாப்பிரஸ் என்பது நாணல் தண்டைச் சீவி, குறுக்கும் நெடுக்குமாக வைத்து அழுத்திய தாள். எகிப்தின் பாலைவன மணலில் இரண்டாயிரம் ஆண்டு கிடக்கும். கடற்கரை ஈரத்தில், பிரித்துச் சுருட்டும் கைகளுக்கிடையே, சில தலைமுறைக்கு மேல் தாங்காது. அலெக்சாண்டிரியா கடலோர ஊர். அங்கே ஒருவரும் தீக்குச்சி கிழிக்காவிட்டாலும், அந்த நூலகத்து அறிஞர் கலிமாக்கஸ் 120 சுருள்களில் பட்டியலிட்ட நூல்களின் மூலப் படிகள் எல்லாம் எப்போதோ பொடிந்துதான் போயிருக்கும். நூல் உயிரோடு இருக்க வேண்டுமானால் யாராவது உட்கார்ந்து படி எடுக்க வேண்டும், அந்தப் படி நைந்ததும் மறுபடி எடுக்க வேண்டும். கி.பி. இரண்டாம் நூற்றாண்டு தொடங்கிச் சுருள் போய்த் தைத்த ஏடு வந்தது. புதிய வடிவத்துக்கு மாற்றி எழுத யாருக்கும் தோன்றாத நூல் அத்தோடு முடிந்தது. எழுதுகூலி சும்மா வருவதில்லை. பள்ளியில் பாடமாக இருந்தது பிழைத்தது; மற்றது போயிற்று.

யூரிப்பிடிஸின் கதையைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்கலாம். ஏறக்குறைய தொண்ணூறு நாடகங்கள் எழுதியவர். மிஞ்சியவை பத்தொன்பது, அதில் ஒன்று அவருடையதுதானா என்ற வழக்கு இன்னும் ஓயவில்லை. இவற்றுள் பத்து, பள்ளிக்கூடத்துக்கென்று பொறுக்கி உரையோடு படிக்கப்பட்டவை. மீதி ஒன்பதில் சிலவற்றின் கிரேக்கப் பெயர்களை வரிசையாக வைத்துப் பாருங்கள்: ஹெலன், எலெக்ட்ரா, ஹெராக்ளிஸ், இயோன், இரண்டு இஃபிகெனியாக்கள், கடைசியில் சைக்ளோப்ஸ். கிரேக்க நெடுங்கணக்கில் அந்த ஒன்பதும் எப்சிலான் முதல் கப்பா வரை அடுத்தடுத்து வரும் எழுத்துகளில் தொடங்குகின்றன. புரிகிறதா? அகரவரிசையில் அடுக்கிய முழுத் தொகுப்பிலிருந்து ஏதோ ஒரு தொகுதி மட்டும் எப்படியோ யார் வீட்டிலோ தப்பிக் கிடந்திருக்கிறது. அதன் வழிவந்த பதினான்காம் நூற்றாண்டுப் படி ஃபிளாரன்ஸ் நூலகத்தில் இருக்கிறது. 'சைக்ளோப்ஸ்' நம் கைக்கு வந்தது அது உயர்ந்த நாடகம் என்பதால் அல்ல. அதன் பெயர் கப்பாவில் தொடங்கியதால். எந்தச் சீசரும் எந்தக் கலீபாவும் செய்ய முடியாத அளவுக்குக் குருட்டுத்தனமான தேர்வு இது.

கிரேக்கக் கவிஞர் சாஃபோவை எடுத்துக்கொள்ளுங்கள். அலெக்சாண்டிரியா அறிஞர்கள் அவள் பாடல்களை ஒன்பது சுருளாகத் தொகுத்தார்கள். இன்று முழுசாக இருப்பது ஒரே ஒரு பாட்டு. திருச்சபை எரித்தது என்று இதற்கும் ஒரு கதை உண்டு, ஆதாரம்தான் இல்லை. அவளுடைய ஏயோலிய வட்டார வழக்கு பிற்கால மாணவர்களுக்குக் கரடுமுரடாகப் பட்டது; பாடத்திட்டத்திலிருந்து நழுவினாள். லிவியின் 142-ல் தப்பியவை 35. மற்றவற்றின் சுருக்கங்கள் மட்டும் ஏறக்குறைய முழுசாக வந்து சேர்ந்துவிட்டன. நோட்ஸ் கையில் வந்த பிறகு பாடப் புத்தகத்தை யார் தொடுவார்கள்?

நமக்கு இது விளங்காத சங்கதி அல்ல. பதிற்றுப்பத்தில் முதல் பத்தும் கடைசிப் பத்தும் இல்லை. சுவடிக்கட்டின் மேலும் கீழும் இருக்கும் ஓலைகள்தாம் முதலில் நையும். ஆடிப்பெருக்கில் ஆற்றோடு விட்ட ஏடுகள் எத்தனை! கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலுக்கு ஏடு தேடிப் போனபோது, பழைய சுவடிகளை நெய்யில் தோய்த்து ஓமத்தில் இட்டுவிட்டதாகச் சொன்னார்கள் என்று உ.வே.சாமிநாதையர் தன் வரலாற்றில் எழுதுகிறார். அங்கே தீ இருந்தது, பகை இல்லை. பக்திதான் இருந்தது.

"அப்போது யாழ்ப்பாணம்?" என்று கேட்பீர்கள். கேட்க வேண்டியதுதான். 1981-ல் அந்த நூலகத்தோடு சுமார் 97,000 நூல்கள் எரிந்தன. அச்சு நூலுக்கு வேறெங்காவது இன்னொரு பிரதி இருக்கும். ஒற்றைப் பிரதியாக இருந்த சுவடிக்கு இல்லை. தீ வைக்கிறவர்களை நான் விடுதலை செய்யவில்லை. நான் சொல்வது இது: நாளும் இடமும் சாட்சியும் உள்ள ஒரு குற்றத்தை, நாளும் தெரியாத ஆளும் தெரியாத ஒரு கட்டுக்கதையோடு மேடைக்கு மேடை ஒப்பிடுவதால் நட்டம் யாழ்ப்பாணத்துக்குத்தான். அலெக்சாண்டிரியாவை மறுக்கிறவன் நாளை அதையும் மறுப்பான்.

இனி அந்த நிலாப் பயணம். ஹெரோன் நீராவியால் சுழலும் உருண்டையைப் பற்றி எழுதினார், அந்த அறிவு எரிந்துபோயிற்று என்கிறார்கள். ஹெரோன் வாழ்ந்தது கி.பி. முதல் நூற்றாண்டு, சீசரின் தீக்குப் பிறகு, அதே அலெக்சாண்டிரியாவில். அந்த நூலும் இன்று இருக்கிறது. தாலமி வானியல் நூலை எழுதியதும் அதே ஊரில், கி.பி. 150 வாக்கில். பூமி சூரியனைச் சுற்றுகிறது என்ற அரிஸ்டார்க்கஸின் கருத்தும் தொலையவில்லை. ஆர்க்கிமிடீஸின் மணல் எண்ணும் நூலில் பத்திரமாக இருந்தது. படித்தார்கள், ஏற்கவில்லை. நூல் அலமாரியில் இருந்தால் ராக்கெட் தானாகப் பறந்துவிடுமா?

ஆர்க்கிமிடீஸின் இன்னொரு நூலுக்கு நேர்ந்ததைச் சொல்ல வேண்டும். தன் கண்டுபிடிப்புகளை எப்படி எட்டினேன் என்று அவரே விளக்கிய நூல் அது. பத்தாம் நூற்றாண்டில் தோலேட்டில் படி எடுக்கப்பட்டது. 1229-ல் ஒருவர் அந்த எழுத்தைச் சுரண்டி, தாளைத் திருப்பி மடித்து, மேலே பிரார்த்தனைகளை எழுதினார். அவருக்குக் கணிதத்தின் மேல் விரோதம் ஒன்றுமில்லை; தோல் விலை அதிகம், அவ்வளவுதான். 1906-ல் ஹைபெர்க் என்ற அறிஞர் கான்ஸ்டான்டிநோபிளில் உட்கார்ந்து, பிரார்த்தனை வரிகளுக்கு அடியில் மங்கலாகத் தெரிந்ததைப் படித்து எழுதினார்.

தீயோ சில இடங்களில் நூலைக் காப்பாற்றியிருக்கிறது. கி.மு. 612-ல் நினெவே எரிந்தபோது அசுர்பனிபால் மன்னரின் களிமண் பலகைகளில் பல சுட்டு இறுகின. அவற்றில் ஒன்றைத்தான் 1872-ல் ஜார்ஜ் ஸ்மித் படித்து, நோவா கதைக்கு முந்தைய வெள்ளக் கதையைக் கண்டார். கி.பி. 79-ல் வெசுவியஸ் எரிமலை கருக்கிய ஹெர்குலேனியம் சுருள்களை இப்போது பிரிக்காமலேயே எக்ஸ்ரேயும் கணினியும் கொண்டு படிக்கிறார்கள்.

குப்பையும் காப்பாற்றியிருக்கிறது. ஏதென்ஸின் அரசமைப்பைப் பற்றிய அரிஸ்டாட்டிலின் நூல், ஒரு பண்ணைக் கணக்குப் பிள்ளை முதல் நூற்றாண்டில் வரவுசெலவு எழுதிய தாளின் பின்பக்கத்தில் கிடைத்து 1891-ல் அச்சேறியது. முசிறித் துறையிலிருந்து ஹெர்மபொல்லோன் என்ற கப்பல் ஏற்றிவந்த சரக்கின் மதிப்பும் அப்படி ஒரு தாளில் இருக்கிறது. ஒரு பக்கம் கடன் ஒப்பந்தம், மறுபக்கம் சரக்குக் கணக்கு. அது வியன்னாவில் உள்ளது, 1985-ல் வெளியானது. சங்கப் பாடல்களின் முசிறியைப் பேசுகிற எத்தனை பேர் அதை ஒருமுறையாவது தேடிப் படித்திருப்பார்கள்?

எரிந்ததற்கு அழுகிறவர்கள் எரியாததைப் படிப்பதில்லை என்பதுதான் என் கோபம். காலன் ஒருவர் எழுதி இன்று கையில் இருப்பதே பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பதிப்பில் இருபது தொகுதிகளுக்கு மேல். எகிப்தின் ஆக்சிரிங்கஸ் ஊர்க் குப்பைமேட்டை கிரென்ஃபெல், ஹன்ட் என்ற இரண்டு ஆங்கிலேயர்கள் 1896-ன் குளிர்காலத்தில் தோண்டத் தொடங்கினார்கள். ஐந்து லட்சம் துண்டுகள் போல ஆக்ஸ்ஃபோர்டுக்கு வந்து சேர்ந்தன. நூற்றிருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. அச்சேறியவை ஐயாயிரத்துச் சொச்சம். மீதி பெட்டிகளில் இருக்கிறது. அந்தக் கையெழுத்தைப் படிக்கத் தெரிந்த ஆள் போதவில்லை, பணமும் போதவில்லை. 2011-ல் துண்டுகளின் படங்களை இணையத்தில் போட்டு, கிரேக்கம் தெரியாதவர்களும் எழுத்தின் உருவத்தைப் பார்த்து அடையாளம் காட்டலாம் என்று பொதுமக்களையே கூப்பிட வேண்டியதாயிற்று.