நீங்க யார் சார்?

போன சனிக்கிழமை, சாம்பார் சாதத்தில் கை வைத்த நேரம் பார்த்து தபால்காரர் மணியடித்தார். கையெழுத்து வாங்கிக்கொண்டு ஒரு நோட்டீஸ் கொடுத்தார். வேங்கிக்காலில் பி.எஃப். லோன் போட்டு நான் கட்டின காம்பவுண்ட் சுவர் விதிமீறலாம். பதினைந்து நாளில் இடிக்கணுமாம். இல்லாவிட்டால் அவர்களே இடித்து, கூலியை என்னிடம் வசூலிப்பார்களாம். (என்ன ஒரு நல்ல மனசு!)

ராத்திரி பூரா உட்கார்ந்து நாலு பக்கம் பதில் எழுதினேன். சுவரின் உயரம், நீளம், சுவர் இல்லாத காலத்தில் மாடு புகுந்து துளசியைத் தின்ற சரித்திரம், எல்லாம்!

மறுநாள் மாமா வந்தார். தாலுகா ஆபீஸில் ரிடையர் ஆனவர். நாலு பக்கத்தையும் படித்தார்.

"ஏம்ப்பா, சுவரு சரின்னு எழுதியிருக்கே. இவங்களுக்கு இதைக் கேக்க அதிகாரம் இருக்கான்னு எங்கே எழுதியிருக்கே?"

"புரியலையே மாமா..."

"இந்த ஆபீஸோட எல்லை நம்ம தெருவுக்கு முன்னாடியே முடிஞ்சு போச்சு. நம்ம ஊரு இவங்க கணக்குலயே வராது!"

கலெக்டர் ஆபீஸே எங்கள் ஊரில்தான் இருக்கிறது. எனக்கு எல்லை தெரியவில்லை!

"நேரா கோர்ட்டுக்குப் போயிடட்டுமா?"

"அவசரப்படாதே. 'முதல்ல அந்த ஆபீஸ்ல ஆட்சேபணை சொன்னியா?'ன்னு ஜட்ஜே கேப்பார்."

விசாரித்ததில் மாமா சொன்னது நிஜம். வேறு வழி இருக்கும்போது ஹைகோர்ட் பொதுவாக ரிட் மனுவை எடுப்பதில்லை. அடியோடு அதிகாரமே இல்லாதவர் நடவடிக்கை எடுத்தால் விதிவிலக்கு உண்டு என்று 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. அப்போதும் கையில் ஒரு ஆட்சேபணைக் கடிதம் இருந்தால் கேஸுக்குத் தெம்பு.

அதையும் முதலிலேயே சொல்லவேண்டும். சிவில் நடைமுறைச் சட்டம் 21-வது பிரிவு, எல்லைத் தகராறை முதல் வாய்ப்பிலேயே கிளப்பச் சொல்கிறது. தோற்ற பிறகு அப்பீலில் கிளப்பினால் எடுபடுவது கஷ்டம். 1961-ம் வருஷத்து வருமான வரிச் சட்டம், 'நீங்கள் என் அதிகாரி இல்லை' என்று சொல்ல நோட்டீஸிலிருந்து ஒரே ஒரு மாசம்தான் கொடுத்தது.

நம் அண்ணாமலையாருக்கே இந்தச் சிக்கல் வந்தது. 2002-ல் மத்திய தொல்லியல் துறை கோயிலைத் தேசிய முக்கியத்துவம் வாய்ந்த சின்னமாக்கி எடுத்துக்கொள்ளப் பார்த்தது. 1958-ம் வருஷச் சட்டப்படி இரண்டு மாச நோட்டீஸ் தரவேண்டும். அதற்குள் ஆட்சேபணை எழுதலாம். கோயில் பழசா, புதுசா என்பதல்ல தகராறு. யார் பொறுப்பு என்பதுதான். ஊரே எதிர்த்தது, சுப்ரீம் கோர்ட் வரை போனது. கடைசியில் கோயில் அறநிலையத்துறையிடமே நின்றது.

நாலு பக்கத்தைக் கிழித்துவிட்டு அரைப் பக்கம் எழுதினேன். 'எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, எந்த எல்லை அறிவிப்பின்படி இந்த நோட்டீஸ்? தெரிவிக்கவும். இந்த ஆட்சேபணைக்குப் பாதகமில்லாமல், சுவர் விதிப்படியே உள்ளது.' அந்தக் கடைசி வரி மாமா உபயம். அது இல்லாவிட்டால், 'பதிலே சொல்லவில்லை' என்று இடித்துவிடலாமாம். அக்னாலெட்ஜ்மென்ட் வைத்து அனுப்பினேன்.

பத்தாம் நாள் பதில் வந்தது: 'தங்கள் கடிதம் உரிய அலுவலகத்துக்கு அனுப்பப்பட்டுள்ளது.'

உரிய அலுவலகம் எது என்று போடவில்லை. சுவர் நிற்கிறது. மாமா இன்னொரு கவர் வாங்கி வைக்கச் சொல்லியிருக்கிறார்.